பேசாத இரண்டு வீடுகளின் சாவி

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது.

இங்கே நானும் அப்பாவும் உடம்புக்குக் குறையில்லாமல் இருக்கிறோம், அப்பாவின் முழங்கால் மட்டும் வானத்துக்கு முன்னால் மழையைச் சொல்லிவிடுகிறது, மற்றபடி சுகம்தான். நீயும் வேளைக்குச் சாப்பிட்டு, வேளைக்குத் தூங்கி, அந்த ஊர்க் குளிரில் ஈரத்தலையோடு வெளியே போகாமல் இருப்பாய் என்று நம்பிக்கொண்டே இதைத் தொடங்குகிறேன். போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று நீ சிரிப்பாய். போனில் பேசினால் உன் அப்பா பக்கத்தில் காதை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறார், அவரைப் பற்றி அவர் முன்னாலேயே எப்படிச் சொல்வது? இப்போது அவர் படகுக்குத் தார் பூசக் கரைக்குப் போயிருக்கிறார். அவர் வருவதற்குள் எழுதி உறையில் போட்டு ஒட்டிவிட வேண்டும். போன தடவை நீ கோபமாகப் பேசினாயே, "அந்த ஏரியைக் கட்டிக்கிட்டு ஏம்மா அழறீங்க, கேஸை விட்டுட்டு ரெண்டு பேரும் இங்க வந்து என்கூட இருங்க" என்று, அதற்கு அன்றைக்கு நான் பதில் சொல்லவில்லை. இது அதற்குப் பதில் என்றே வைத்துக்கொள்.

நீ கிளம்பின பிறகு நடந்ததை எல்லாம் துண்டு துண்டாகத்தான் கேட்டிருப்பாய், அதனால் முதலிலிருந்து சொல்கிறேன். உனக்குத் தெரிந்ததும் நடுவே வரும், பொறுத்துக்கொள், வக்கீலம்மாவுக்குச் சொல்லிச் சொல்லி எனக்கு அப்படியே பழகிவிட்டது. ஏரி அரசாங்கத்துடையது, அதில் மீன் பிடிக்கும் உரிமையைத்தான் குத்தகைக்கு விடுகிறார்கள். கரையில் வாழ்கிறவர்களின் கூட்டுறவுச் சங்கம் ஒன்று ஒழுங்காக நடந்துகொண்டிருந்தால் குத்தகை முதலில் அதற்குத்தான், அது படுத்துவிட்டால்தான் வேறு சங்கத்துக்கு. நம் சங்கம் படுத்துவிட்டதா நடக்கிறதா என்று பார்க்க ஒரு அதிகாரி வந்தார். வந்தவர் எப்போது வந்தார் தெரியுமா, புதுவெள்ளம் இறங்கி மீன் சினை பிடித்திருந்த சமயத்தில். அப்போது நம் ஆட்கள் யாரும் ஏரியில் வலை போடுவதில்லை, படகையெல்லாம் கரையில் கவிழ்த்துவிட்டு, எல்லா வீட்டு வலையையும் கழுவிக் காயவைத்துச் சங்கத்து அறையில் அடுக்கி இரண்டு பூட்டுப் போட்டுவிடுவோம். இரண்டு பூட்டுக்கும் சாவி இரண்டு வீட்டில் இருக்கும், அதுவும் ஒருவரோடு ஒருவர் முகம் கொடுத்துப் பேசாத இரண்டு வீடாகப் பார்த்துத்தான் கொடுப்போம். பேசிக்கொள்கிற இரண்டு பேரிடம் கொடுத்தால் இரண்டு பேரும் கூடிப்பேசி ராத்திரியில் திறந்துவிடுவார்கள் அல்லவா? பேசாத வீட்டுக்கு நம் கரையில் என்றைக்கும் பஞ்சம் வந்ததில்லை.

அந்த வருஷம் ஒரு சாவி நம் வீட்டில், இன்னொன்று உன் மாமா வீட்டில். என் கூடப் பிறந்த தம்பி ஏன் என்னோடு பேசாமல் போனான் என்று உனக்கு யாரும் சரியாகச் சொல்லியிருக்க மாட்டார்கள். நீ வெளிநாடு போகிற செய்தி அவனுக்கு டீக்கடையில் யாரோ ஒருவர் சொல்லித் தெரிந்ததாம். "என் தோள்ல உக்காந்து ஏரி பாத்த புள்ள, அது ஊரை விட்டுப் போறது எனக்கு டீக்கடைக்காரன் சொல்லித் தெரியணுமா" என்று உன் அத்தையிடம் கத்தினானாம். நான் சொல்லலாம் என்றுதான் இருந்தேன், பாஸ்போர்ட் அலைச்சலில் இன்றைக்கு நாளைக்கு என்று தள்ளிப்போய்விட்டது. அவன் வழியனுப்பக்கூட வரவில்லை, எனக்கும் ரோஷம் வந்துவிட்டது, இரண்டு பேரும் ஒரே தெருவில் எதிரும் புதிருமாகப் போய்க்கொண்டிருந்தோம். சாவி கொடுக்கிற அன்றைக்குச் சங்கத்தில் எல்லாரும் எங்கள் இரண்டு பேரையும் பார்த்துச் சிரித்தார்கள், வேறு யாரையும் யோசிக்கவே இல்லை.

அந்த நேரத்தில்தான் அதிகாரி வந்து கரையில் இறங்கினார். சங்கத்துத் தலைவி நான், ஆனால் நான் வாயைத் திறப்பதற்குள் உன் அப்பா முந்திக்கொண்டார். அவரைத்தான் உனக்குத் தெரியுமே, கரையில் அவருக்கு ரேடியோ என்று பேர் வைத்தது சும்மாவா? நம் கட்டுப்பாட்டைப் பெருமையாகச் சொல்லவேண்டும் என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, "ஒரு வலகூட தண்ணியில இல்லீங்க, நல்லா சுத்திப் பாத்துக்குங்க, இந்த மாசத்துல எங்க ஆளு ஒருத்தன் ஏரியில கை நனைச்சான்னு யாராவது சொன்னா நான் மீசைய எடுத்துடறேன்" என்றார். நின்றவர்கள் எல்லாரும் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினோம். அறையைத் திறந்து காட்டுங்கள் என்று அதிகாரி கேட்டார், ஒரு சாவிதான் எங்களிடம் இருக்கிறது, இன்னொரு சாவி வைத்திருக்கிறவரோடு நாங்கள் பேசுவதில்லை என்று சொன்னோம். இப்போது நினைத்தால் எனக்கே சிரிப்பு வருகிறது. அவர் நம்மைப் பாராட்டிவிட்டுப் போகிறார் என்று நினைத்துக்கொண்டு காரின் கதவுவரை போய் வழியனுப்பினோம். அவரோ படகுகள் கவிழ்ந்து கிடக்கின்றன, ஒரு வலைகூட தண்ணீரில் இல்லை என்று உறுப்பினர்களே சொல்கிறார்கள், அலுவலகத்தைத் திறக்க ஆளில்லை, இந்தச் சங்கம் செயல்படவில்லை என்று எழுதிவிட்டார்.

பிறகு என்ன, நம் மீனுக்கு ஐஸ் கொடுக்கிற ஐஸ் கம்பெனிக்காரர் அவசர அவசரமாக ஒரு சங்கம் பதிவு செய்தார். அவருடைய லாரி டிரைவர், ஐஸ் சுமக்கிறவர்கள், கணக்கெழுதுகிறவர் என்று ஆளைச் சேர்த்து, குத்தகை அந்தச் சங்கத்துக்குப் போய்விட்டது. ஐஸ் கட்டியைத் தவிர வேறு எதுவும் கையில் வழுக்கிப் பார்த்திராதவர்கள் அத்தனை பேரும். ஒருவனைத் தவிர. உன் மாமாவும் அதில் கையெழுத்துப் போட்டுவிட்டான். நம் மேலிருந்த கோபம், அவர் கொடுத்த வண்டி ஓட்டுகிற வேலை, எல்லாம் சேர்ந்துதான். அந்தச் செய்தி கேட்டபோது நான் மீன் கழுவும் தொட்டி ஓரமாக நின்று அழுதேன் கண்ணு. குத்தகை போனதுக்குக்கூட அப்படி அழவில்லை.

உன் அப்பா அதோடு பேச்சை நிறுத்திவிட்டார். தன் வாயால்தான் ஏரி போச்சு என்று முடிவு கட்டிக்கொண்டார். கேட்டால் ம் என்பார், சாப்பாடு போட்டால் போதும் என்பார், கரையில் நாலு பேர் கூடியிருந்தால் சுற்றிக்கொண்டு போவார். யாரும் அவரைக் குறை சொல்லவில்லை, எல்லாரும்தானே தலையாட்டினோம், ஆனாலும் மனுஷர் கேட்கவில்லை. போனில் நீ பேசும்போது மட்டும் குரலை உயர்த்திச் சிரித்துப் பேசுவார், நீ வைத்ததும் மறுபடியும் ஊமை. வீட்டில் அத்தனை அமைதியை நான் கல்யாணம் ஆன நாளிலிருந்து பார்த்ததில்லை, முன்பெல்லாம் கொஞ்சம் வாயை மூடுங்களேன் என்று சண்டை போட்டவள், வாயைத் திறக்க மாட்டாரா என்று ஏங்க ஆரம்பித்துவிட்டேன்.

கோர்ட்டுக்குப் போனோம். நம் வக்கீலம்மா உன் வயதுதான் இருப்பாள், ஜெராக்ஸ் கடைக்கு மேல் மாடியில் ஒரு சின்ன அறை, நாற்காலி முழுக்கக் கட்டுக் கட்டாகக் காகிதம், வருகிறவர்கள் அதைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டுதான் உட்கார வேண்டும். நல்ல பெண், காசுக்கு ஆலாய்ப் பறக்காதவள், ஆனால் சரியாகச் சாப்பிடுவதில்லை, உன்னைப் போலவே பிஸ்கட்டில் காலம் தள்ளுகிறாள், நான் போகும்போதெல்லாம் ஒரு டப்பாவில் சோறு கொண்டுபோய்விடுவேன். கேஸ் முடிகிறவரைக்கும் புதுச் சங்கம் ஏரியில் இறங்கக்கூடாது, பழைய ஏற்பாடே நடக்கட்டும் என்று ஒரு தடை உத்தரவு அவள்தான் வாங்கிக்கொடுத்தாள். வாய்தா மேல் வாய்தா. ஒரு நாள் எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து உன் அப்பா சொன்னதை அதிகாரியின் அறிக்கையிலிருந்து அப்படியே வாசித்தார், ஒரு வலகூட தண்ணியில இல்லீங்க என்று நீட்டி முழக்கி, மீசையையும் விடாமல். கூடம் முழுக்கச் சிரித்தது. அப்பா என் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்து தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு எழுந்து போய் அந்த வக்கீலை நாலு கேள்வி கேட்கவேண்டும் போல இருந்தது, வக்கீலம்மா என் புடவைத் தலைப்பைப் பிடித்து உட்கார வைத்தாள். நீதிபதி மட்டும் சிரிக்கவில்லை. வேறு ஒரு அதிகாரி போய், இரண்டு சங்கத்தாரையும் எதிரில் வைத்துக்கொண்டு மறுபடியும் பார்த்து எழுதட்டும் என்று சொல்லிவிட்டார்.

அதற்குள் மறுபடியும் புதுவெள்ளம் வந்து மீனும் சினை பிடித்துவிட்டது. படகைக் கவிழ்த்தோம், வலையைக் கழுவி அடுக்கினோம், சாவியை யாருக்குக் கொடுப்பது என்ற பேச்சு வந்தது. படகுத் தச்சர்தான் தொடங்கினார், "தலைவி வீடும் அவங்க தம்பி வீடும் மாதிரி பேசாத வீடு இந்தக் கரையில வேற எது இருக்கு, போன தடவை மாதிரியே இருக்கட்டுமே" என்று. அவன் எதிரிச் சங்கத்துக்குப் போய்விட்டானே என்று ஒருவர் கேட்டார். "அதனாலதான் சொல்றேன், அவன் கையில இருந்தா நாமளே நெனைச்சாலும் தெறக்க முடியாது" என்றார் தச்சர். சரிதானே என்று எல்லாருக்கும் பட்டது. தச்சரே போய்க் கொடுத்துவிட்டு வந்தார், அவனும் ஒரு வார்த்தை பேசாமல் வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டானாம். இதைக் கேட்டு வக்கீலம்மா தலையில் கை வைத்துக்கொண்டாள். "நீங்க கேஸ் போட்டிருக்கிற ஆளுங்ககிட்டயே ஆபீஸ் சாவியைக் குடுத்திருக்கீங்களாம்மா, இதை நான் கோர்ட்டுல எப்படிச் சொல்லுவேன்" என்று அழாத குறைதான்.

அதிகாரி வருகிற தேதியும் சரியாக அந்தச் சமயத்தில்தான் விழுந்தது. ஐஸ்காரர் தரப்பில் அன்றைக்கு வலை போட்டுக் காட்ட அனுமதி வாங்கிவிட்டார்கள் என்று தெரிந்ததும் வக்கீலம்மா ஓடி வந்தாள். "ஒரே ஒரு வலை போடுங்கம்மா, பாத்துட்டு மீனைத் திருப்பி விட்டுடலாம், மறுபடியும் ஒரு வலைகூட இல்லைன்னா இந்தக் கேஸ் நிக்காது" என்று கெஞ்சினாள். சங்கத்து வாசலில் கூடிப் பேசினோம். சாவி அவனிடம் இருக்கிறது, அவனிடம் போய் யார் நிற்பது, பூட்டை உடைத்துவிடலாம் என்று நாலைந்து பேர் எழுந்துவிட்டார்கள், ஒருவர் சுத்தியலே எடுத்து வந்துவிட்டார். உண்மையைச் சொன்னால் எனக்கும் உடைத்தால் என்ன என்றுதான் தோன்றியது. இத்தனை வீட்டுப் பிழைப்பு, தலைவி என்று என்னை உட்கார வைத்திருக்கிறார்கள், தோற்றுவிட்டால் நாளைக்கு யார் முகத்தில் விழிப்பேன்? அப்போது கதவோரத்தில் நின்றிருந்த உன் அப்பா வாயைத் திறந்தார். எத்தனையோ மாதம் கழித்து நாலு பேர் நடுவில் அவர் பேசியது அதுதான். "ஏரிய காப்பாத்த ஏரியையே திருடணுமா? நான் சொன்ன சொல்லு நம்ம தலைய வாங்குச்சு, ஒத்துக்கறேன். ஆனா அது பொய் இல்லையே. இப்ப பொய்யாக்கிடாதீங்க" என்றார். சுத்தியல் கொண்டு வந்தவர் அதைப் பின்னால் மறைத்துக்கொண்டார்.

அன்றைக்கு வந்த அதிகாரி ஒரு அம்மா. அதிகம் பேசாதவர், ரப்பர் செருப்புப் போட்டுக்கொண்டு சேற்றில் இறங்கி நடந்து பார்த்தார். ஐஸ்காரர் ஆட்கள் புது வலை, புதுச் சட்டை, கரையே மின்னியது. வலை வீசத் தெரியாமல் ஒருவர் வலையில் தன் சட்டைப் பொத்தானையே மாட்டிக்கொண்டு அவரும் சேர்ந்து தண்ணீரில் விழப்பார்த்தார். படகில் ஏறு என்று உன் மாமாவை அவர்கள் கூப்பிட்டார்கள், அவன் ஏறவில்லை, கையைக் கட்டிக்கொண்டு ஓரமாகவே நின்றான். எப்படியோ ஒரு வலை மேலே வந்தது, வந்த மீன் அத்தனையும் வயிறு புடைத்த சினை மீன். அந்த அம்மா கொஞ்ச நேரம் அதைப் பார்த்துவிட்டு, திருப்பி விடுங்கள் என்று மட்டும் சொன்னார். அப்புறம் நம் பக்கம் வந்தார். கவிழ்ந்த படகுகளைப் பார்த்தார், அறைக் கதவில் இரண்டு பூட்டைப் பார்த்தார், திறங்கள் என்றார். நான் என் சாவியைக் கொடுத்தேன். இன்னொன்று என்றார். கண்ணு, போன தடவை நடந்ததேதான் மறுபடியும் நடக்கப்போகிறது என்று நினைத்தேன். எல்லாரும் தரையைப் பார்த்தோம்.

அப்போது உன் மாமா அந்தக் கூட்டத்திலிருந்து நடந்து வந்தான். ஐஸ்காரர் பின்னாலிருந்து அவனை அதட்டிக் கூப்பிட்டார், அவன் திரும்பவில்லை. சட்டைப்பையிலிருந்து சாவியை எடுத்து நீட்டி, "எங்க அக்கா வீட்டுச் சாவி ஒண்ணு, என்னுது ஒண்ணு, ரெண்டும் சேந்தாத்தான் தெறக்கும்ங்க" என்றான். நீங்கள் அந்தச் சங்கத்து உறுப்பினர் இல்லையா என்று அந்த அம்மா கேட்டார். "கையெழுத்து அங்க போட்டேங்க, சாவி இங்கதான் குடுத்தாங்க" என்றான். இவர்கள் கேட்டிருந்தால் முன்பே கொடுத்திருப்பீர்களா என்று அவர் விடாமல் கேட்டார். "இந்த மாசத்துல எங்க அக்காவே வந்து கேட்டாலும் குடுக்க மாட்டேன், அதுக்குத்தானுங்களே எங்கிட்ட குடுத்திருக்காங்க" என்றான். அந்த அம்மா எழுதுவதை நிறுத்திவிட்டு அவனையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். பூட்டைத் திறந்தோம், வீட்டுக்கு ஒரு நிறத்துணி கட்டி வலைகளெல்லாம் அடுக்கினபடியே காய்ந்து கிடந்தன. பார்த்ததும் மறுபடியும் பூட்டினோம், சாவியை அவரவர் எடுத்துக்கொண்டோம். அவன் என் பக்கத்தில் நின்றும் என்னோடு பேசவில்லை. நானும் பேசவில்லை, பேசியிருந்தால் அங்கேயே உடைந்து அழுதிருப்பேன்.

தீர்ப்பு போன வாரம் வந்தது. வக்கீலம்மா கோர்ட்டிலிருந்து நேரே கரைக்கு வந்து, கவிழ்த்த படகு மேல் ஏறி நின்று எங்களுக்கு வாசித்துக் காட்டினாள். சினை பிடிக்கும் காலத்தில் வலையை எடுத்துப் பூட்டி வைப்பதும் மீன்பிடித் தொழிலில் ஒரு பகுதிதான், எதிர்ச் சங்கத்தில் சேர்ந்துவிட்டவர்கூட மீறாத ஒரு கட்டுப்பாட்டை வைத்திருக்கும் சங்கத்தைச் செயல்படாத சங்கம் என்று எப்படிச் சொல்வது என்று நீதிபதி கேட்டிருக்கிறார். புதுச் சங்கத்துக்குக் கொடுத்த குத்தகை ரத்து. அந்த அதிகாரி அம்மா எழுதினதை வைத்து இலாகா மறுபடியும் முடிவு செய்ய வேண்டும், அதுவரைக்கும் நம் சங்கமே நடத்தலாம். ஐஸ்காரர் மேலே அப்பீல் போவார் என்கிறார்கள், போகட்டும், வக்கீலம்மா பயப்பட ஒன்றும் இல்லை என்கிறாள். ஆனால் நான் சொல்ல வந்தது அது இல்லை. தீர்ப்புக்கு நடுவில், இந்தச் சங்கத்தின் உறுப்பினர் ஒருவர் முதல் நாளே உண்மையைச் சொல்லியிருக்கிறார், அதைச் சரியாகக் கேட்டுக்கொள்ளாதது அவர் தவறில்லை என்று எழுதி, ஒரு வலகூட தண்ணியில இல்லீங்க என்று உன் அப்பா சொன்னதை அவர் சொன்ன மாதிரியே போட்டிருக்கிறார்கள். வக்கீலம்மா அதை வாசித்ததும் கரையே அப்பா பக்கம் திரும்பியது. அவர் தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். குலுங்கிக் குலுங்கி அழுதார், நான் அவரை மறைத்துக்கொண்டு நின்றேன். கொஞ்ச நேரம் கழித்துத் துண்டை எடுத்துவிட்டுக் கேட்ட முதல் கேள்வி, மீசையைப் பற்றி நீதிபதி ஒன்றும் எழுதவில்லையா என்றுதான். அன்றைக்குத் திறந்த ரேடியோ இன்னும் நிற்கவில்லை. தீர்ப்பை மனப்பாடம் செய்துவிட்டார், பால்காரர் வந்தால் பால்காரருக்கு, தபால்காரர் வந்தால் தபால்காரருக்கு. எனக்குக் காது வலிக்கிறது, வலிக்கட்டும்.

அதனால் நாங்கள் அங்கே வந்து இருப்பது என்ற பேச்சை விட்டுவிடு. உன்னைப் பார்க்க ஆசை இல்லாமல் இல்லை, தினமும் விளக்கைப் போடும்போது அங்கே இப்போது என்ன நேரம் என்று கணக்குப் போட்டுக்கொண்டுதான் இருக்கிறேன். ஆனால் எங்களுக்கு இங்கே வேலை இருக்கிறது. நீ லீவு போட்டு வா. ஆய்வுக்கூடத்தில் எத்தனை நேரம்தான் நின்றுகொண்டே வேலை பார்ப்பாய், காலுக்கு மெத்தென்ற செருப்பு வாங்கிக்கொள், அறைக் கூட்டாளிப் பெண்ணோடு பாத்திரம் கழுவுகிறதுக்கெல்லாம் சண்டை போடாதே, நீயே கழுவிவிட்டுப் போ, கை தேய்ந்துவிடாது.

முக்கியமான சேதியைக் கடைசிக்கு வைத்திருக்கிறேன். தீர்ப்பு வந்த மறுநாள் மத்தியானம் உன் மாமா வந்தான். வாசலில் நின்று, "சங்கத்துல என்னைத் திரும்பச் சேப்பீங்களா" என்று தலைவியிடம் கேட்கிற மாதிரி கேட்டான். மனுவை எழுதிக்கொடு, கூட்டத்தில் வைக்கிறேன் என்று நானும் தலைவி மாதிரியே சொன்னேன். அப்புறம் இரண்டு பேருக்கும் அடக்க முடியவில்லை, அவன் சிரித்தான், நான் அழுதேன், அப்பா நடுவில் புகுந்து தீர்ப்பை ஆரம்பித்துவிட்டார். சோறும் முட்டையும் போட்டேன், மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டான். இப்போது சங்கத்துக்குப் புதுத் தலைவலி, அடுத்த தடவை சாவி கொடுக்க எங்கள் இரண்டு வீடும் லாயக்கில்லை, பேச ஆரம்பித்துவிட்டோம். தச்சருக்கும் அவர் மருமகனுக்கும் இப்போதுதான் லேசாக முட்டிக்கொண்டிருக்கிறது, அது நீடிக்குமா என்று எல்லாரும் ஆவலாகப் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

அப்பாவின் குரல் தெருமுனையில் கேட்கிறது, முடிக்கிறேன். நீ நோய் நொடி இல்லாமல், நினைத்தது நடந்து, நிமிர்ந்த தலையோடு நன்றாக இருக்க வேண்டும் என்று எங்கள் இருவரின் மனம் நிறைந்த ஆசி. ஒன்றே ஒன்றை மறக்காதே. லீவு கிடைத்து நீ வருகிற தேதி முடிவானதும் எனக்குப் போன் செய்யாதே, அப்பாவுக்கும் செய்யாதே. முதலில் உன் மாமாவுக்குச் சொல். அவன் ஓடி வந்து எங்களுக்குச் சொல்லட்டும், நாங்கள் அப்போதுதான் கேள்விப்பட்ட மாதிரி கேட்டுக்கொள்கிறோம்.

உன் வருகைக்காக வாசலைப் பார்த்தபடி,
அம்மா
(சங்கத்துத் தலைவியும்தான்)